குமிழுக்கு நேர் கீழே

குமிழ் இருந்த இடம் இதுதான். என் கண்ணுக்கு நேராக, ஒரு சாண் கீழே. வலது சட்டத்திலா, இடது சட்டத்திலா? வலதுதான். வலது கையால்தானே தொட்டுக் காட்டுவேன். ஆனால் கூட்டம் நெருக்கும் நாட்களில் இடது கையாலும் காட்டியிருக்கிறேனே. அப்போது நான் எங்கே நின்றேன்?

மாடியறை ஜன்னல் முன் நின்று அவள் புதுக் கண்ணாடியில் விரலை வைத்தாள். வழுவழுவென்று இருந்தது. பழைய கண்ணாடி இப்படி இருக்காது. அது துரைமார் காலத்துக் கண்ணாடி. வெளியே இருப்பதெல்லாம் தண்ணீருக்கு அடியில் கிடப்பதுபோல லேசாக நெளியும். அதற்குள் மிளகு அளவில் ஒரு காற்றுக் குமிழ் உறைந்துபோயிருந்தது. போன மழையில் கிளை முறிந்து ஜன்னல் மேல் விழுந்தபோது அதுவும் போயிற்று. கண்ணாடிக்காரர் வந்து புதியதைப் பொருத்தி, துணியால் ஒரு தேய்ப்புத் தேய்த்து, "இனிமே எல்லாம் பளிச்சுனு தெரியும் பாருங்க," என்று சொல்லிவிட்டுப் போனார்.

பளிச்சென்றுதான் தெரிந்தது. மதில் தெரிந்தது. மதிலுக்கு அப்பால் கல்லறைத் தோட்டம் முழுவதும் தெரிந்தது. அவள் தேடும் ஒன்றைத் தவிர எல்லாமே தெரிந்தது.

துரை வீட்டில் அவளுக்கு வழிகாட்டி வேலை. சீட்டு வாங்கி வருகிறவர்களைக் கூடம், சாப்பாட்டறை, படுக்கையறை என்று கூட்டிப்போய், கடைசியில் இந்த ஜன்னலில் கொண்டுவந்து நிறுத்துவாள். "இந்த வீட்டக் கட்டின துரையோட சம்சாரம் தினம் காலையில இங்க வந்து நிப்பாங்க. அவங்க கைக்குழந்தைய அங்கதான் புதைச்சிருக்கு. இந்தக் குமிழுக்கு நேர் கீழ பாருங்க, சின்னதா ஒரு கல் தெரியுதா? அதுதான்." வந்தவர்கள் ஒவ்வொருவராகக் கண்ணைச் சுருக்கிப் பார்ப்பார்கள். "தெரியுது, தெரியுது," என்பார்கள். சில பெண்கள் மூக்கை உறிஞ்சுவார்கள். தெரியவில்லை என்று இதுவரை ஒருவர்கூடச் சொன்னதில்லை.

அவள் அந்தத் தோட்டத்துக்குள் போனதே இல்லை. வீடு ஓர் அலுவலகத்தின் பொறுப்பு, கல்லறைத் தோட்டம் இன்னோர் அலுவலகத்தின் பொறுப்பு. இரண்டுக்கும் மாமியார் மருமகள் உறவு. சாவி அவர்களிடம். வீட்டு ஆட்கள் அந்தப் பக்கம் இலை பொறுக்கக்கூடப் போகக்கூடாது. அதனால் கல்லறைகளை அவளுக்கு மேலேயிருந்துதான் தெரியும், பறவைக்குத் தெரிவதுபோல.

அதே மழையில் மதிலும் சரிந்தது. திரும்பக் கட்ட வந்த கொத்தனார்கள், கல்லும் மண்ணும் கொண்டுபோகும் வழியில் இருந்த சின்னக் கற்களையெல்லாம் பிடுங்கி ஓரமாகச் சாய்த்துவைத்தார்கள். மதில் முடிந்ததும் திரும்ப நட்டார்கள். "எல்லாம் பழையபடியே நட்டாச்சு," என்றார் தலைமைக் கொத்தனார். குழந்தைகளின் கற்கள் எல்லாம் ஒரே முழங்கால் உயரம். எழுத்தை மழை எப்போதோ தின்றுவிட்டது. பழையபடி என்றால் எந்தப்படி என்று அவரிடம் யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் அவர் என்ன சொல்லியிருப்பார்?

படிக்கட்டில் செருப்புச் சத்தம் கேட்டது. வீட்டின் மேலாளர் ஏறி வந்தார். அவர் பின்னால் ஒரு வயதானவர், வெளிநாட்டுக்காரர். நிலைப்படியில் தலை இடித்துவிடுமோ என்று குனிந்துகொண்டே உள்ளே வந்தார். நிமிர்ந்த பிறகும் பாதி குனிந்தவர் மாதிரியே இருந்தார், அவ்வளவு உயரம்.

"மேடம், இவர ஞாபகம் இருக்கா?" என்றார் மேலாளர். "துரையோட பேரன் வழி. முன்னாடி ஒரு தடவை வந்திருந்தாராம். நீங்கதான் எல்லாம் காட்டினீங்களாம். நேத்துலருந்து உங்களத்தான் கேட்டுட்டு இருக்கார்."

அவருடைய முகம் நினைவில் இல்லை. ஜன்னலுக்கு வருகிறவர்களின் முதுகுதான் அவளுக்குப் பழக்கம். ஆனால் அவர் அவளுடைய கையைப் பிடித்துக்கொண்டு தம் மொழியில் மெதுவாகப் பேசினார். அந்த மொழி அவளுக்கு வேலைக்கு வேண்டிய அளவு தெரியும். துரைசாணி கடைசியில் தன் நாட்டுக்கே திரும்பிப்போய் அங்கேயே இறந்தாளாம். அவளுடைய கல்லறையில் ஓர் இடத்தைக் காலியாக விட்டிருக்கிறார்களாம், குழந்தைக்கென்று. அதைக் கொண்டுபோய்ச் சேர்க்கத்தான் வந்திருக்கிறாராம். இதற்கு மேல் தமக்குப் பயணம் செய்ய உடம்பு இடம் கொடுக்காது என்றார். அதைச் சொன்னபோது அவர் சிரித்தார். அவளால் அந்தச் சிரிப்பைப் பார்க்க முடியவில்லை.

"ஒரு குழி தோண்டத்தான் அனுமதி கொடுத்திருக்காங்க," என்றார் மேலாளர். "ரெண்டு தோண்டுனா அந்த ஆபீஸ்காரங்க குதிப்பாங்க. நாளைக்குக் காலையில ஆளுங்க வந்துடுவாங்க. நீங்க வந்து இதுதான்னு கைய காட்டிட்டாப் போதும்."

"சார், கல்லையெல்லாம் எடுத்து நட்டிருக்காங்களே."

"அதனாலதானே உங்களக் கேக்குறது. கல்லு மாறும், இடம் மாறுமா? இத்தனை வருஷமா காட்டின கை உங்க கை."

வயதானவர் ஜன்னலருகே வந்து நின்றார். குமிழ் இல்லாததைப் பார்த்து வருத்தமாகத் தலையசைத்தார். பிறகு விரலை நீட்டிக் கண்ணாடியில் வைத்தார். அவள் வைத்திருந்த அதே இடம். அவருடைய நகத்துக்குப் பக்கத்தில் அவள் விரல் ரேகை ஆவியாகத் தெரிந்தது. அவளுக்கு நிம்மதியாக இருந்தது. அப்படியானால் நினைவு சரிதான், வலது சட்டம்தான்.

"மதிலுக்குப் பக்கத்தில். மதிலை ஒட்டினாற்போல," என்றார் அவர்.

"மரத்தடியில் இல்லையா?" என்றாள் அவள்.

அவர் அவளைக் குனிந்து பார்த்தார். நீங்கள்தானே காட்டினீர்கள் என்றார். மதிலின் நிழல் அந்தக் கல்லின் மேல் விழுந்திருந்தது, நான் படம்கூட எடுக்க நினைத்து எடுக்காமல் விட்டேன் என்றார்.

அவள் மறுபடியும் பார்த்தாள். இரண்டு விரலும் ஒரே இடத்தில்தான் இருந்தன. கல்தான் வேறு.

அவர்கள் இறங்கிப் போன பிறகு அவள் சீட்டு கொடுக்கும் பெண்ணைக் கூப்பிட்டாள். யார் எதை நீட்டினாலும் சில்லறை இல்லை என்றே சொல்லுவதால் அவளுக்குச் சில்லறை என்றே பெயர். பெயருக்கு ஏற்றாற்போல ஆளும் குட்டை.

"இங்க வந்து நில்லேன். குமிழ் இருந்துச்சே, ஞாபகம் இருக்கா? நான் விரல் வச்சிருக்கேன் பாரு, அங்கதான். அதுக்கு நேரா என்ன தெரியுது?"

சில்லறை அதே இடத்தில் தன் விரலை வைத்து எட்டிப் பார்த்தாள். "உடஞ்ச தூண் தெரியுது."

"தூணா? அது அந்தக் கோடியில இருக்கு."

"ஆமா. அதுக்குப் பக்கத்துல சின்னக் கல்லு. அதத்தானே நீங்க சொல்லுவீங்க? நான் எங்க சித்தி வந்தப்ப, எங்க அண்ணி வந்தப்ப எல்லாருக்கும் அதத்தான் காட்டினேன்." சில்லறை திரும்பிப் பார்த்தாள். "என்னக்கா, மூஞ்சி ஏன் இப்படிப் போகுது?"

அவள் மூலையிலிருந்த முக்காலியை இழுத்துவந்து ஏறி நின்றாள். "அக்கா, அது கண்காட்சி முக்காலி, அதுல யாரும் ஏறக்கூடாதுன்னு நீங்கதானே எழுதி ஒட்டுனீங்க," என்றாள் சில்லறை. அவள் காதில் வாங்கவில்லை. குனிந்து, சில்லறையின் விரலுக்கு நேராகப் பார்த்தாள். மரத்தடி நகர்ந்துவிட்டது. மதிலோரத்துக் கல் வந்து விரலுக்குக் கீழே நின்றது. இறங்கினாள். மரத்தடி திரும்பி வந்தது. முழங்காலை மடக்கித் தாழ்ந்தாள். உடைந்த தூண்.

"ஆளுக்கு ஒரு கல்லு," என்றாள் சில்லறை. பிறகு வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கத் தொடங்கினாள். "ஐயோ அக்கா. இத்தனை பேரும் ஆளுக்கொரு கல்லப் பாத்து அழுதுட்டுப் போயிருக்காங்க. நெட்டைக்கு ஒரு பிள்ளை, குட்டைக்கு ஒரு பிள்ளை."

அவளுக்கும் சிரிப்பு வந்தது. வந்த சிரிப்பு பாதியில் எங்கேயோ மாட்டிக்கொண்டது.

அவளுக்கு முன்னால் இங்கே வழிகாட்டியாக இருந்தவரை ஒட்டகம் என்பார்கள். அந்த உயரம். முதல் நாள் அவர்தான் குமிழைத் தொட்டு, "அதோ, நேர் கீழே, அதான் துரைசாணி குழந்தை," என்று அவளுக்குச் சொல்லிக்கொடுத்தார். அவள் தன் உயரத்தில் நின்று பார்த்தாள். மரத்தடியில் ஒரு கல் தெரிந்தது. தெரியுது சார் என்றாள். அவர் பார்த்தது மதிலோரத்துக் கல்லாக இருந்திருக்கும். அப்படியானால் அந்த வெளிநாட்டுக்காரர் சொல்வதுதான் சரியா? அப்படியும் சொல்ல முடியவில்லை. ஒட்டகத்துக்கு யார் காட்டிக்கொடுத்தார்கள்? அவர் நெட்டையா, குட்டையா? துரைசாணியே எவ்வளவு உயரம்? அவள் இந்தக் குமிழைப் பார்த்தாளா என்ன?

யோசிக்க யோசிக்க, நூலின் நுனியைத் தேடி உருட்டிய நூல்கண்டு மாதிரி சிக்கல்தான் கூடிக்கொண்டு போயிற்று.

மரத்தடிக் கல்லிடம் அவள் கொடுத்துவைத்திருந்தது வேறு யாருக்கும் தெரியாது. அவளுடைய முதல் குழந்தை பிறந்த மறுநாளே போய்விட்டது. அவள் ஆஸ்பத்திரியில் கிடந்தாள். கணவரும் அவருடைய அண்ணனும் ஊர்ப் பொது இடுகாட்டுக்குக் கொண்டுபோனார்கள். பிறகொரு நாள் பஸ்ஸில் அந்த வழியாகப் போகும்போது, எங்கே என்று கேட்டாள். கணவர் கையை நீட்டி, "அதோ, வேலியோரமா," என்றார். பஸ் நிற்கவில்லை. அன்றிலிருந்து அந்த வழியில் போகும்போதெல்லாம் வேலியைப் பார்ப்பாள். வேலி மிக நீளம். கண் எங்கே நிற்பது என்று தெரியாமல் ஓடிக்கொண்டே இருக்கும். அதற்குள் திருப்பம் வந்துவிடும்.

இந்த ஜன்னலுக்கு வந்த பிறகுதான் கண்ணுக்கு நிற்க ஓர் இடம் கிடைத்தது. மிளகு அளவு இடம். காலையில் ஆட்கள் வருவதற்கு முன் அவள் வந்து ஒரு நிமிடம் நிற்பாள். துரைசாணிக்காக நிற்பதாகச் சொல்லிக்கொள்வாள். அந்தப் பொய்கூடத் தேவையில்லாமல் போய்ப் பல நாட்களாகின்றன. இப்போது, மரத்தடியில் இருப்பது யார் என்றே தெரியவில்லை.

சாயங்காலம் வீட்டுக்குப் போனபோது கணவர் மின்விசிறியின் இறக்கைகளைக் கழற்றித் தரையில் பரப்பித் துடைத்துக்கொண்டிருந்தார். லாரி ஓட்டி ஓய்வு பெற்றவர். எதையாவது கழற்றாமல் அவருக்குப் பொழுது போகாது. அவள் செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

"என்னங்க, அன்னிக்குப் பாப்பாவ எங்க வச்சீங்க?"

"எந்தப் பாப்பாவ?" என்றார் நிமிராமலே. பிறகு துணி நின்றது. "வேலியோரமா. சொல்லியிருக்கேனே."

"வேலியோரமா எங்க? வாசல்லருந்து வலது பக்கமா, இடது பக்கமா?"

"இப்ப என்ன திடீர்னு?"

"சொல்லுங்களேன்."

"அண்ணன்தானே தூக்கிட்டுப் போனாரு. வேலியோரமா வச்சிருக்குன்னு வந்து சொன்னாரு."

"நீங்க?"

"நான் எங்க உள்ள போனேன்? வண்டியிலேயே உக்காந்திருந்தேன். கால் வரல." அவர் இறக்கையைத் திருப்பி மறுபக்கம் துடைத்தார். "அதான் உனக்குத் தெரியுமே."

தெரியுமா? அவர் எப்போதாவது சொல்லி, நான் கேட்டு, மறந்துவிட்டேனா? சொல்லாமலே சொன்னதாக அவர் நினைத்துக்கொண்டிருக்கிறாரா? இரண்டுமே நடக்கக்கூடியவைதான். அந்த அண்ணன் இறந்து பல வருடம் ஆகிவிட்டது. கேட்க ஆள் இல்லை.

"பஸ்ல போறப்ப கைய காட்டினீங்களே."

"நீ கேட்டே, காட்டினேன்." அவர் இப்போதுதான் அவள் முகத்தைப் பார்த்தார். "வேற என்ன பண்ணச் சொல்றே? அப்படி ஒரு மூஞ்சிய வச்சுக்கிட்டுக் கேக்குறவகிட்ட, தெரியாதுன்னா சொல்ல முடியும்?"

கோபம் வரும் என்று அவள் காத்திருந்தாள். வந்தால் கொஞ்சம் தெளிவாக இருக்கும். அது வரவில்லை. அவர் காட்டிய கையை நினைத்துப் பார்த்தாள். கட்டைவிரல் நகம் கறுத்த, ஸ்டியரிங் பிடித்துக் காய்த்த கை. அது பஸ் ஜன்னலுக்கு வெளியே எங்கேயோ நீண்டது. அவருடைய அன்பை நம்பியே அவள் அந்த வேலியை இத்தனை காலம் பார்த்துக்கொண்டிருந்தாள் என்று சொல்லலாம். ஏமாந்தாள் என்றும் சொல்லலாம். எது சரி என்று அவளுக்கு விளங்கவில்லை.

"செருப்பக் கழட்டு. டீ போட்டு வச்சிருக்கேன், ஆறிடும்," என்றார் அவர்.

காலையில் கல்லறைத் தோட்டத்தின் வாசல் திறந்திருந்தது. முதல்முறையாக அவள் உள்ளே போனாள். மேலேயிருந்து பார்த்த எதுவும் அங்கே இல்லை. சின்னது என்று நினைத்திருந்த கல்தூண் அவளைவிட உயரமாக இருந்தது. மரம் அவள் நினைத்த இடத்தில் இல்லாமல் இன்னும் உள்ளே தள்ளி நின்றது. புல் ஈரத்தில் செருப்பு நழுவியது. நிமிர்ந்து துரை வீட்டைப் பார்த்தாள். மாடி ஜன்னலில் வானம் மட்டும் தெரிந்தது. அங்கே ஒருத்தி நின்று பார்த்தால் இங்கே இருப்பவர்களுக்குத் தெரியாது. இது அவளுக்கு ஏன் புதிதாக இருக்க வேண்டும்?

இரண்டு ஆட்கள் மண்வெட்டியை ஊன்றி நின்றார்கள். ஒருவர் மற்றவரிடம், "எதுன்னு முடிவாகட்டும், அதுக்குள்ள ஒரு பீடி," என்று சொல்லிக்கொண்டிருந்தார். வெளிநாட்டுக்காரர் மதிலோரத்துக் கல்லருகே நின்றார். அவர் கையில் ஒரு மரப்பெட்டி இருந்தது. புதியது. மெருகேற்றியது. மூடியில் பித்தளைக் கொக்கி. அதை அவர் பிடித்திருந்த விதத்தில், கனமே இல்லாத ஒன்றைக் கீழே போட்டுவிடுவோமோ என்கிற பயம் தெரிந்தது.

மேலாளர் அவளைக் கொஞ்சம் ஒதுக்கிக் கூட்டிப்போனார். "மேடம், அவர் மதிலோரம்ங்கறார். நீங்க நேத்து மரத்தடின்னீங்க. போகட்டும். அவர் சொல்றதையே நீங்களும் சொல்லிடுங்க. மனசு நிறைஞ்சு ஊருக்குப் போவார்."

"அது வேற யாரோட குழந்தையாவது இருந்தா சார்?"

"இருக்கட்டுமே. யாரு வந்து கேக்கப் போறாங்க? எல்லாம் மண்ணோட மண்ணாயிருக்கும்."

யாரும் வந்து கேட்கப்போவதில்லை என்பது உண்மைதான். அவள் மதிலோரத்துக் கல்லைப் பார்த்தாள். மரத்தடிக் கல்லைப் பார்த்தாள். தூணருகே இருந்ததையும் பார்த்தாள். மூன்றும் ஒரே மாதிரி பாசி பிடித்து, அடியில் புதுச் சிமெண்டோடு நின்றன. இதில் ஒன்றை நேற்றுவரை அவள் தன்னுடையதாக நினைத்திருந்தாள். அதை இப்போது தோண்டச் சொல்லவில்லை என்பதில் ஒரு சின்ன ஆறுதல் வந்தது. அந்த ஆறுதலே அவளைக் கூசவைத்தது. மதிலோரத்தில் இருக்கும் குழந்தைக்கும் ஒருத்தி இருந்திருப்பாள்தானே, எங்கே எங்கே என்று கேட்டவள்.

வெளிநாட்டுக்காரர் அவளிடம் வந்தார். பெட்டியை மார்போடு அணைத்துக்கொண்டு அவளைப் பார்த்தார். அந்த முகத்தை அவளுக்குத் தெரியும். பஸ் ஜன்னலோரம் உட்கார்ந்து அவளே வைத்துக்கொண்டிருந்த முகம். அதைப் பார்த்துத் தெரியாது என்று சொல்ல முடியாது என்று அவள் கணவர் சொன்னது எவ்வளவு உண்மை என்று இப்போது புரிந்தது. மற்ற எதுவும் புரியவில்லை.

அவருடைய மொழியில், மெதுவாக, வார்த்தை தேடிச் சொன்னாள். குமிழ் ஒவ்வொருவர் உயரத்துக்கும் ஒவ்வொரு கல்லைக் காட்டியது என்றாள். எனக்குக் காட்டியவரும் உயரமானவர், அதனால் நீங்கள் சொல்வது சரியாகவும் இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம் என்றாள். எனக்குத் தெரியாது, எப்போதுமே தெரிந்திருக்கவில்லை என்றாள்.

அவர் மூன்று கற்களையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு, உங்களுக்கு எது என்று தோன்றுகிறதோ அதைக் காட்டுங்கள், எனக்கு அது போதும் என்றார். அவர் குரல் மிகத் தாழ்ந்திருந்தது.

"தோராயமாத்தானே கேக்குறார்," என்றார் மேலாளர், பல்லைக் கடித்தபடி. "சும்மா கைய ஒரு நீட்டு நீட்டுங்க மேடம். தினம் பண்றதுதானே."

மண்வெட்டிக்காரர் பீடியை அணைத்துக் காதில் செருகிக்கொண்டார். எல்லாரும் அவள் கையைப் பார்த்தார்கள். வலது கை தானாகவே எழப் பார்த்தது. பழகின கை, அதற்கு யோசிக்கத் தெரியாது. அவள் தோளில் இருந்த பையை முன்னால் இழுத்து, அதன் காதை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

"இல்ல சார்," என்றாள். "நான் காட்டல."